முந்தாநாள் கப்பல்

"ஐயோ ஏசப்பா, என் மானமே கப்பலேறிப் போச்சே!"

ஹில்டா கட்டிலில் குப்புற விழுந்து தலையணையால் தலையை மூடிக்கொண்டாள்.

ஏழு வயது மகள் பிளஸ்ஸி பக்கத்தில் வந்து நின்றாள். "எந்தக் கப்பல்மா? கேப்டன் முந்தாநாள் கப்பலா?"

"போடி அந்தாண்ட! இவ வேற, நேரம் காலம் தெரியாம."

விஷயம் இதுதான். ஹில்டாவின் கணவன் ஜெஃப்ரிக்கு மஸ்கட்டில் வேலை. காலையில் அவனுக்கு ஒரு வாய்ஸ் மெசேஜ் அனுப்பினாள்.

"என் வெல்லக்கட்டி, உன் மூக்கைப் பிடிச்சுக் கிள்ளணும் போல இருக்குடா. எப்படா வருவ? உம்மா... உம்ம்ம்மா!"

அது போய் விழுந்த இடம், அஸ்தினாபுரம் ஃபிளாட்காரர்களின் வாட்ஸப் குரூப்.

பதறிப்போனாள். அந்தப் பதற்றத்தில் 'டெலீட் ஃபார் எவ்ரிஒன்' என்பதற்குப் பதிலாக 'டெலீட் ஃபார் மீ'யை அமுக்கித் தொலைத்தாள். ஆக, அவள் ஃபோனில் மட்டும் அது இல்லை. மற்ற எல்லார் ஃபோனிலும் உம்மா பத்திரமாக இருந்தது.

அப்புறம் கேட்கவேண்டுமா? எதிர்வீட்டு ஹேமாவதிதான் முதலில் சிரிக்கிற பொம்மை போட்டாள். அடுத்தவர் மூக்கு பொம்மை போட்டார். மூணாவது மாடிக் காலேஜ் பையன் அனிருத் அதை ரிங்டோனாகவே வைத்துவிட்டான்.

ஹில்டா டீச்சர் வேறு. அவளிடம் படிக்கிற பிள்ளைகள் இதே ஃபிளாட்டில் இருக்கிறார்கள்.

"நாளைக்கு எந்த மூஞ்சியை வெச்சுக்கிட்டு கிளாஸுக்குள்ள போவேன்? வேலையும் வேணாம், ஒண்ணும் வேணாம். வீட்டைக் காலி பண்ணிட்டுப் பெரும்பாக்கம் பக்கம் போயிடலாம்."

"அழாதம்மா. நான் வேணா கேப்டன்கிட்ட சொல்லி, இறக்கித் தரச் சொல்லட்டுமா?"

கேப்டன் முந்தாநாள் கடலில் கப்பல் விடுகிறவர் இல்லை. காலத்தில் விடுகிறவர். சுக்கானை ஒரு திருப்பு திருப்பினால் போன வாரம், இன்னொரு திருப்பு திருப்பினால் ராஜாக்கள் காலம். ஃபிளாட் பிள்ளைகளைத் தன் வீட்டு ஹாலில் உட்காரவைத்து இந்தக் கதையைச் சொல்கிறவர், கீழ்வீட்டுத் தயாளன்.

போன வருஷம்தான் தனியாளாகக் குடிவந்தார். யாருமே வேண்டாம் என்று ஓடிய செக்ரட்டரி பதவி அவர் தலையில் விழுந்தது. பெரியவர்களிடம் அவர் பேசுவது இரண்டே விஷயம். மோட்டார், குப்பை. அதுவும் கிரில் கேட்டுக்கு அந்தப்பக்கம் நின்றுதான்.

"அந்தச் சிடுமூஞ்சிகிட்டயா? ஐயோ, அவரும் கேட்டிருப்பாரே!" ஹில்டா மறுபடியும் தலையணைக்குள் போய்விட்டாள்.

பிளஸ்ஸி சத்தமில்லாமல் கீழே இறங்கினாள். ரொம்ப நேரம் கழித்துத்தான் திரும்பி வந்தாள்.

அவள் வந்து செருப்பைக் கழற்றுவதற்குள் ஃபோன் கூப்பிட்டது. குரூப்பில் செக்ரட்டரி. மோட்டார் சமாச்சாரமாகத்தான் இருக்கும் என்று எல்லோரும் திறந்தார்கள்.

"கனகு... ஏ கனகு... என் பட்டுக்குஞ்சே! நீ இல்லாம தோசை கல்லைவிட்டு எழுந்திருக்க மாட்டேங்குதுடி. எனக்கும் ஒண்ணும் ஓடல. சீக்கிரம் வந்துடு ராஜாத்தி!"

அதோடு விட்டாரா மனுஷன்? கட்டைக்குரலில் 'லாலல்லா' என்று ஒரு இழுப்பு வேறு.

குரூப் பற்றிக்கொண்டது.

"சார், ராங் குரூப்!"

"பட்டுக்குஞ்சு யாரு சார்?"

"செக்ரட்டரி ஐயா, தோசை எழுந்துடுச்சா?"

தயாளன் அதை அழிக்கவும் இல்லை, பதில் போடவும் இல்லை. மாடிப்படியில் அனிருத்தின் ஃபோன் அடித்தது. 'கனகு, ஏ கனகு' என்றது.

ஹேமாவதி கதவைத் தட்டாமலே உள்ளே வந்தாள்.

"கூத்தைக் கேட்டியா ஹில்டா? ஒண்டிக்கட்டை, பாவம்னு நெனச்சா, தோசை சுட ஆள் கூப்பிடறார்! வயசுப் பொண்ணுங்க இருக்கிற எடம் இது. மொதல்ல அந்த செக்ரட்டரி பதவியைப் பிடுங்கணும்."

ஹில்டாவுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. "அந்த மூஞ்சிக்குப் பட்டுக்குஞ்சாம்கா! நானாவது கட்டின புருஷனுக்கு அனுப்பினேன்."

"அதைச் சொல்லு! உன்னுது புருஷன் பொண்டாட்டி சமாச்சாரம். அதை யாரு பெருசா எடுத்துக்கப் போறாங்க?"

ஹில்டா எழுந்து முகம் கழுவினாள். தலையை வாரினாள். மூன்று பேருக்கும் காபி போட்டாள். "பிளஸ்ஸி, நாளைக்குப் போடற யூனிஃபார்மை எடுத்து வை" என்றாள். பெரும்பாக்கம் மறந்தே போய்விட்டது.

டம்ளரைக் கையில் எடுத்தபோதுதான் ஞாபகம் வந்தது.

"ஏன்டி, கீழ போனியே, உங்க கேப்டன் என்ன சொன்னார்?"

"உன் மானத்தை இறக்கித் தரேன்னார்மா. ஆனா அந்தக் கப்பல் காலியாப் போகாதாம். ஒண்ணை இறக்கினா, வேற ஒருத்தரோடதை ஏத்தி விடணுமாம். அப்புறம் ஃபோனைத் தேய்ச்சுத் தேய்ச்சு ரொம்பப் பின்னாடி போயி, பழசு ஒண்ணை எடுத்தார். அதைக் காதுல வெச்சுக் கேட்டுக்கிட்டே இருந்தார்."

ஹில்டா டம்ளரைக் கீழே வைத்தாள்.

ஹேமாவதிக்குப் பொறுமை இல்லை. "அது கெடக்கட்டும். யாருடி அந்தக் கனகு? வீட்டுக்குள்ளயே இருந்தாளா? நீ பார்த்தியா?"

"ஓ, பார்த்தேனே. ஹால்லயேதான் இருக்காங்க ஆன்ட்டி" என்று பிளஸ்ஸி சுவரின் உச்சியைக் கை காட்டினாள். "சந்தன மாலை போட்டு, கீழ சின்னதா லைட் எரியுதே, அந்த போட்டோல."