மூன்றாவது போன்

"மூணாவது போன் யாருதுடா வேணு?"

கோட்டைக்குப்பத்தில் செல்போன் கடை வைத்திருக்கும் வேணுவைக் கடை வாசலிலேயே பிடித்துக்கொண்டாள் நர்ஸ் எப்சிபா.

"இன்னாக்கா சொல்ற?"

"எந்த நோவுக்கு எந்த மருந்து, எவ்ளோ குடுக்கணும்னு சொல்ற ஆப்பு இது. ஆஸ்பத்திரி டேப்லயும் என் போன்லயும்தான் இருக்கணும். காலைல அப்டேட் வந்துச்சு, மூணு எடத்துல ஏறிக்குதுன்னு காட்டுது!"

போன மாதம் அவளுடைய புதுப் போனில் எல்லாவற்றையும் ஏற்றிக் கொடுத்தவன் வேணுதான். பாஸ்வேர்டும் அவனுக்குத் தெரியும். அவள் பேரில் எவனாவது உள்ளே புகுந்து ஏதாவது குழந்தைக்குத் தப்பு மருந்து கொடுத்துத் தொலைத்தால், வேலையும் போகும், பாவமும் சேரும்.

"கங்கையம்மா மேல சத்தியமா நான் இல்லக்கா."

"சத்தியம் பண்றவங்கள நான் நெறைய பாத்துட்டேன்."

அவள் போன் அடித்தது. அவள் அப்பாவோடு கடலுக்குப் போன புருஷன் சாம். கரை நெருங்கும்போதே, குழம்புக்கு எந்த மீனை எடுத்து வைக்கட்டும் என்று கேட்பான். கட் பண்ணினாள். மறுபடி அடித்தது, மறுபடியும் கட்.

ஆப்பைத் திறந்து வேணுவின் மூக்குக்கு நேராக நீட்டினாள். "தோ பாரு, இப்பகூட உள்ளதான் உக்காந்துனுகிறான்!"

வேணு வெறுங்கையை விரித்தான். "நான் உன் எதிர்லதானேக்கா நிக்கிறேன்? பாஸ்வேர்ட மாத்து, எவனா இருந்தாலும் வெளிய தள்ளிடும்."

மாற்றினாள். மூன்றாவது போன் பட்டென்று மறைந்தது.

"ஒழிஞ்சான் பாவி! இருந்தாலும் உன் மேல எனக்கு ஒரு கண்ணுதான்" என்றாள். ஆனாலும் மனசு கேட்காமல் அவனுக்கும் சேர்த்து டீ சொன்னாள்.

டீயைக் குடித்து முடிப்பதற்குள் கரையில் ஒரே கூச்சல். அவளுடைய நைனா அந்தோணிசாமியைத் தோளில் சுமந்தபடி சாம் ஓடி வந்தான். திருக்கை மீன் முள் குத்திய கால் வீங்கிக் கிடக்க, நைனா வலி தாங்காமல் கத்திக்கொண்டிருந்தார்.

எப்சிபா பதறிப்போனாள். "உடனே எனக்குச் சொல்றதுக்கு இன்னா?"

"போன் பண்ணா கட் பண்ற. நீ குடுத்த பழைய போன்ல அந்த ஆப்பைப் பாத்துதான் கால்ல வெந்நி ஊத்தினேன். பாதியில எந்தப் பாவியோ வெளிய தள்ளிட்டான் எப்சி!"