மாமா கட்டாத தவணை

அக்கா புருஷன் ஒரு திருடர் என்பது பைக் ஓட்டிக்கொண்டிருக்கும்போதுதான் மச்சினனுக்கு உறைத்தது.

பின்சீட்டில் மாமா. இருவருக்கும் நடுவே ஒரு துணிப்பை. பிரேக் போடும்போதெல்லாம் பை அவன் முதுகில் கெட்டியாக இடித்தது.

“பையில என்ன மாமா?”

“பணம். கடன், வட்டி, அபராதம் எல்லாம் சேத்து. நீ ரோட்டைப் பாரு மாப்ளே.”

பார்த்தான். ரோடு சுற்றியது.

நிலத்தை ஈடு வைத்து அரசாங்க விவசாயக் கடன் வாங்கிய மாமா, ஒரு தவணைகூடக் கட்டவில்லை. நோட்டீஸ் வந்தது, நான்காக மடித்து, ஆடிக்கொண்டிருந்த மேஜைக் காலுக்கு முட்டுக் கொடுத்தார். நிலத்தை ஏலம் விட்டார்கள், கேட்க ஆளில்லை. கடைசியில் அரசாங்கமே அதைத் தன் பெயருக்கு எடுத்துக்கொண்டது. மொத்தப் பாக்கியையும் கட்டினால் நிலம் திரும்பக் கிடைக்கும், அதற்கு இரண்டு வருடம் கெடு என்றார்கள். அக்கா அந்த இரண்டு வருடமும் அழுதாள். மாமா அசையவில்லை. கெடு இன்று மாலையோடு முடிகிறது. விட்டால் நிலம் போனது போனதுதான். அப்படிப்பட்ட மனிதரிடம் இன்று காலை திடீரென்று ஒரு பை பணம்.

போன வாரம்தான் மில்லுக்காரரின் இரும்புப் பெட்டியை யாரோ உடைத்திருந்தார்கள்.

பகைக்கும் பஞ்சமில்லை. மாமா கடன் வாங்கும் முன்பே, அவர் நிலத்தில் பாதியை வளைத்து மில்லுக்காரர் குடோன் கட்டியிருந்தார். நியாயம் கேட்கப் போன மாமாவை உட்காரவைத்து, குளிர்ந்த தண்ணீர் கொடுத்து, “முடிஞ்சதைப் பாத்துக்குங்க” என்று மரியாதையாக அனுப்பிவைத்தார். வக்கீலோ, “தாராளமா கேஸ் போடலாம், தீர்ப்பை உங்க பேரன் வந்து வாங்கிப்பான்” என்றார். மாமாவின் மகள் அப்போது மூன்றாம் வகுப்பு. ஏலத்தின்போதும் மில்லுக்காரர் வாய் திறக்கவில்லை. ஓசியில் அனுபவிப்பதை யாராவது காசு கொடுத்து வாங்குவார்களா?

தாலுகா அலுவலகத்துக்குள் நுழைந்ததும் மச்சினன் மாமாவின் கையைப் பிடித்து இழுத்தான். பெஞ்சில் ஒரு போலீஸ்காரர். அவருக்குப் பக்கத்தில் மில்லுக்காரர்.

“மாமா, அப்படியே திரும்பிடலாம். அக்கா முகத்துக்காக.”

“உங்கக்கா முகத்துக்காகத்தான்டா வந்திருக்கேன்.”

மாமா நேராக அதிகாரியின் மேஜைக்குப் போய்ப் பையைக் கவிழ்த்தார். கட்டுக் கட்டாக விழுந்தது. பல கட்டுகளில் பேங்க் ஒட்டிய காகிதப் பட்டைகூடப் பிரியவில்லை.

‘மில் இல்லை, பேங்க்!’ என்று மச்சினன் தன் கணிப்பைத் திருத்திக்கொண்டான். ஜாமீனுக்கு யார் யாரைக் கேட்கலாம் என்று மனசுக்குள் ஆள் சேர்த்தான். இரண்டாவது ஆளைத் தாண்ட முடியவில்லை.

மில்லுக்காரர் எழுந்தார். மச்சினன் கண்ணை மூடிக்கொண்டான்.

“சார், நிலத்தை இவருக்கே திருப்பிக் குடுக்கிறதா இருந்தா, என் குடோனை எதுக்கு சார் இடிச்சீங்க?”

“அரசாங்க நிலத்துல கட்டினா இடிக்காம, பெயிண்ட் அடிச்சா குடுப்பாங்க?”

“இப்ப இவரு நிலமாச்சே!”

“இடிச்ச அன்னைக்கு எங்க நிலம்.”

மில்லுக்காரர் துணைக்குப் போலீஸ்காரரைப் பார்த்தார்.

“என்னை எதுக்குப் பாக்குறீங்க? நான் எங்கப்பா நிலத்துக்கு ஒரு சான்றிதழ் வாங்க வந்திருக்கேன். உங்க பெட்டியை உடைச்ச ஆளைத்தான் நேத்தே புடிச்சாச்சே. உங்க மருமகன்தான்னு...”

“மெதுவாப் பேசுங்க சார்!” என்ற மில்லுக்காரர், செருப்பை மாற்றிப் போட்டுக்கொண்டு வெளியேறினார்.

மச்சினனுக்குப் பாதி உயிர் வந்தது. மீதிப் பாதி பேங்க் பட்டையில் மாட்டிக்கொண்டிருந்தது.

அதிகாரிக்கு உற்சாகம் தாங்கவில்லை. “இந்த மில்லுக்காரரு என்னா ஆட்டம் ஆடினாருங்கறீங்க! நாங்க விடுவமா? நிலம் எங்க கைக்கு வந்த ரெண்டாவது மாசம், ஒரே காலைல ரெண்டு புல்டோசர், ஒரு வேன் போலீஸ். மதியம் சாப்பாட்டுக்குள்ள தரைமட்டம். அளந்து, கல் நட்டு, சுத்தி வேலியும் போட்டாச்சு.”

“பாத்தேன் சார். நல்ல வேலி.”

பணம் சரியாக இருந்தது. நிலத்தைத் திருப்பி ஒப்படைக்கும் உத்தரவில் கையெழுத்துப் போடப் போன அதிகாரி, பேனாவை அந்தரத்தில் நிறுத்தினார்.

“கேக்குறேன்னு தப்பா நினைக்காதீங்க. அஞ்சு வருசமா ஒரு பைசா கட்டல. திடீர்னு இவ்வளவு பணம் எங்கேருந்து வந்துச்சு?”

போலீஸ்காரரும் தலையைத் திருப்பினார். மச்சினன் வாசல் எத்தனை தூரம் என்று பார்த்தான்.

“நீங்க குடுத்ததுதான் சார். கடன் வாங்கின அன்னைக்கே பேங்க்ல டெபாசிட் போட்டேன், நேத்து எடுத்தேன். குறைஞ்சதுக்கு டிராக்டரை வித்தேன். ரசீதெல்லாம் இருக்கு, பாக்குறீங்களா?”

அதிகாரி பார்த்தார். ஒழுங்காக இருந்தது. கையெழுத்துப் போட்டு, முத்திரை குத்தி, உத்தரவை நீட்டினார். மாமா அதை வாங்கி, மை காய ஊதி, மடித்து, சட்டையின் உள்பையில் வைத்துப் பொத்தானைப் போட்டார்.

“பணத்தை முழுசா கையில வச்சுக்கிட்டு ஏன்யா கட்டல?” அதிகாரிக்கு நிஜமாகவே மனசு கேட்கவில்லை. “நோட்டீஸு, ஏலம், ஊர் சிரிப்பு... வீட்ல பொம்பளை எவ்வளவு அழுதிருக்கும்! இதெல்லாம் எதுக்கு?”

மாமா காலிப் பையை உதறி மடித்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டார்.

“ரவுடியை வச்சு அந்தக் குடோனை இடிச்சிருந்தா என் மேல கேஸு சார்; உங்களை வச்சு இடிச்சதுல வட்டியோட போச்சு.”