சிரிப்பு வராத ரகம்

"சிரிப்பே வராத ரகமா ஒண்ணு இருந்தா குடும்மா."

டார்சி கையிலிருந்த கண்ணாடி ஜாடியைக் கீழே வைத்தாள். அரசு உரிமம் பெற்ற இந்தக் கஞ்சாக் கடைக்கு வந்து தூக்கம் கேட்பார்கள், பசி கேட்பார்கள், முட்டி வலிக்கு ஏதாவது கொடு என்பார்கள். மிச்சப் பேர் சிரிக்கத்தான் வருகிறார்கள். சிரிப்பு வேண்டாம் என்று ஒருவர் கேட்டு அவள் பார்த்ததில்லை.

வந்தவள் பெயர் வெர்னா. நரைத்த தலை, பனி உருகிச் சொட்டும் கோட்டு. சற்று முன் வயதுக்காக அடையாள அட்டையைக் கேட்டபோது, "இருபத்தொண்ணு ஆகலைன்னா திருப்பி அனுப்பிடுவியா?" என்றவள், சிரிக்காமலே அட்டையை நீட்டியிருந்தாள்.

"எதுக்கு மேடம் வேணும்? அதைச் சொன்னா எடுத்துக் கொடுக்க வசதியா இருக்கும்."

"நாளைக்கு என் வீட்டுக்காரருக்கு ஊரே சேர்ந்து பெரிசா செய்யுது. தீயணைப்புப் படைக்குத் தலைவரா இருந்தவர். வண்டியெல்லாம் விளக்கைப் போட்டுக்கிட்டு வரிசையா வரும். மேயர் பேசுவார். அப்புறம் நான் மைக் முன்னாடி நின்னு அவரைப் பத்தி நாலு நல்ல வார்த்தை சொல்லணும். நடுவில சிரிச்சு வச்சேன்னா, ஊர் என் முகத்தில காறித் துப்பும்."

டார்சி டெட்ராய்ட்டிலிருந்து இந்த ஏரிக்கரை ஊருக்கு வேலைக்கு வந்தது இந்த வாரம்தான். தலைவரையும் தெரியாது, மேயரையும் தெரியாது. சரக்கு மட்டும் நன்றாகத் தெரியும்.

வெர்னா அலமாரியில் ஒரு ஜாடியைக் காட்டினாள். "'அமைதி ஏரி'ன்னு போட்டிருக்கே, அதையே குடு. போதைச் சத்து முப்பது சதவீதம் வேற. நல்லாத்தானே வேலை செய்யும்?"

"பேரைப் பார்த்து ஏமாறாதீங்க மேடம். அது விக்கிறவன் இஷ்டத்துக்கு வைக்கிற பேரு. ஒரே பேர்ல ரெண்டு பண்ணையிலிருந்து வரும். ஒண்ணு தூங்க வைக்கும், இன்னொண்ணு விடிய விடிய சமையலறையைக் கழுவ வைக்கும். முப்பது சதவீதமெல்லாம் பழகின ஆளுங்களுக்கு. நீங்க இழுத்தா மைக்கைப் பிடிச்சுக்கிட்டு அங்கேயே உட்கார்ந்துடுவீங்க."

"அப்ப கஞ்சா மிட்டாய்?"

"அது இன்னும் மோசம். வேலை செய்யவே ஒரு மணி நேரம், ரெண்டு மணி நேரம் ஆகும். ஒண்ணும் ஆகலையேன்னு இன்னொண்ணைப் போடுவீங்க. மேயர் பேசும்போது ரெண்டும் சேர்ந்து தூக்கும். மூக்கை நம்புங்க, மேடம்."

ஒரு ஜாடியைத் திறந்து நீட்டினாள். எலுமிச்சை வாசம் குப்பென்று வந்தது.

"இது கலகலன்னு பேச வைக்கிற ஜாதி. உங்களுக்கு ஆகாது. இதைப் பாருங்க, ஈர மண்ணும் கிராம்பும் கலந்த மாதிரி இருக்கா? போதை கம்மி, சாந்தம் அதிகம். ஒரே ஒரு இழுப்பு. அதுக்கு மேல வேண்டாம்."

வெர்னா ஜாடியை வாங்கி முகர்ந்தாள். கோட்டின் கை மேலே ஏறியது. மணிக்கட்டு எலும்பு கோணலாகச் சேர்ந்திருந்தது.

"கையில என்ன மேடம்?"

"ஒரு கிறிஸ்துமஸ் விருந்தில அவர் நாற்காலி வழுக்கிக் கீழ விழுந்தார். எல்லாரும் சிரிச்சாங்க. நானும் சிரிச்சேன். விருந்தாளிங்க போனதும் கையைப் பிடிச்சு முறுக்கினார்." வெர்னா கடைச் சாமானைப் பற்றிப் பேசுவதுபோலத்தான் சொன்னாள். "அவரேதான் ஆஸ்பத்திரிக்கும் கூட்டிட்டுப் போனார். நர்சுங்க அவர்கூட நின்னு போட்டோ எடுத்துக்கிட்டாங்க. அதுக்கப்புறம் நான் வீட்டில சிரிச்சதில்லை."

டார்சி ஜாடியைத் திரும்ப வாங்கிக்கொண்டாள். "இந்த ஆளுக்கா ஊர் கூடி விழா எடுக்குது?"

"எரியற வீட்டுக்குள்ள பாய்ஞ்சு பச்சைக் குழந்தையைத் தூக்கிட்டு வந்தவர்மா. அதுவும் பொய்யில்ல. ஊருக்கு அவர் தங்கம்."

"நாளைக்கு நீங்க பேசும்போது எதிர்லயே இருப்பாரா?"

"எல்லாருக்கும் முன்னாடி. யூனிபார்ம், மெடல் எல்லாம் போட்டுக்கிட்டு. அந்த மூஞ்சியைப் பார்த்தாத்தான் எனக்குச் சிரிப்பு வந்துடுமோன்னு இருக்கு."

டார்சி கிராம்பு வாசச் சரக்கைக் கொஞ்சமாக நிறுத்துப் பொட்டலம் கட்டினாள். இதை விற்பதே பாவம் என்று தோன்றியது. அடிக்கிறவன் நிம்மதியாக மாலை வாங்கிக்கொள்வதற்கு, அடிபட்டவள் மருந்து போட்டுக்கொண்டு போய் நிற்க வேண்டுமா?

"மேடம், தப்பா நினைக்காதீங்க. நாளைக்கு நீங்க அங்க போகவே வேண்டாம். என் வீட்டில ஒரு ரூம் சும்மாதான் கிடக்கு. இப்பவே என்கூட வந்துடுங்க. அந்த ஆள் தேடிக்கிட்டு வந்தா நான் பேசிக்கறேன்."

வெர்னா அவளையே பார்த்தாள். உதடு துடித்தது. கழுத்துத் துணியை எடுத்து வாயில் அழுத்திக்கொண்டாள்.

"அழாதீங்க மேடம். இனிமே அவன் உங்க மேல கை வைக்க விடமாட்டேன்."

"எப்படி வைப்பார் கண்ணு? வியாழக்கிழமையே செத்துட்டார். நாளைக்குப் புதைக்கிறோம்" என்று சொல்லி முடிப்பதற்குள் அடக்க முடியாமல், மேசையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, கடையே திரும்பிப் பார்க்கும்படி வெர்னா விழுந்து விழுந்து சிரித்தாள்.