வெளுக்காத சீருடை

சிங்கப்பூர், பிடோக்கில் பத்தாவது மாடி. துவைத்த ராணுவச் சீருடையை மூங்கில் கழியில் மாட்டி ஜன்னலுக்கு வெளியே நீட்டினார் அழகப்பன். பக்கத்து வீட்டு அப்துல் அஜீஸ் தன் ஜன்னலிலிருந்து எட்டிப் பார்த்தார்.

“உங்க ரித்திக் வந்தானாண்ணே? கண்ணுலயே படலையே லா.”

“விடியறதுக்குள்ள கேம்ப்புக்குக் கிளம்பிட்டான். எங்க வீட்டுல கடமைன்னா அப்படித்தான்.”

“எம் மகன் சட்டை ஆறே மாசத்துல தேய்ஞ்சு வெளுத்துடுச்சு. இது இன்னும் புதுசாவே இருக்கே.”

“எல்லாம் துவைக்கிற கையில இருக்கு.”

அஜீஸின் தலை உள்ளே போனது. சற்று நேரத்தில், வெளியே போயிருந்த மனைவி சந்திரமதி உள்ளே வந்து கதவைச் சாத்தினாள்.

“ராணுவச் சிறையில நம்ம பையனப் பார்த்துட்டு வர்றேன். யாரையும் கொல்லக் கத்துக்க மாட்டேன், துப்பாக்கியத் தொட மாட்டேன்னு கட்டாய ராணுவச் சேவைக்கு மறுபடி கூப்பிட்டப்பவும் சொல்லிட்டானாம். இன்னும் ரெண்டு வருஷம் போட்டுட்டாங்க. உங்களத்தான் கேட்டான்.”

அழகப்பன் காலி வாளியை எடுத்துப்போய்க் குளியலறையில் வைத்தார்.

“அவன் ஒரு நாள்கூடப் போடாத சட்டை. ராணுவத் துணி விக்கிற பீச் ரோட்டுக் கடையில வாங்கி, பேரையும் தச்சு, வாராவாரம் காயப்போடுறீங்க. ஒரு தடவ போய் அவனப் பார்க்கக் கூடாதா?”

அழகப்பன் ஜன்னலருகே போய், சட்டையை வெயில் விழும் பக்கமாகத் திருப்பிவிட்டார்.

“சாயங்காலம்வரை எடுக்காதே. கொஞ்சம் வெளுக்கட்டும்,” என்றார். “அஜீஸ் கேட்க ஆரம்பிச்சுட்டார்.”