முடியாது என்றவர்

"முடியாதுன்னுட்டாரு சார்," என்றாள் ஆதிலட்சுமி.

ஜெயில் அதிகாரி சுப்பிரமணியன் திறந்து வைத்திருந்த பேனாவை மூடினார். மேசைமேல் இருந்த காகிதத்தைப் பார்த்தார். அவளைப் பார்த்தார்.

"சரியாக் கேட்டியாம்மா? அழுதியா?"

"அழுதேன் சார்."

அவர் கெட்டவர் இல்லை. எமர்ஜென்சியில் பிடித்து வந்தவர்களின் பெண்டாட்டிகளை வெயிலில் நிற்க வைக்காமல் உள்ளே கூப்பிட்டு உட்காரச் சொல்கிறவர் அவர் ஒருவர்தான். இன்றைக்கும் அவளுக்கு நாற்காலி போடச் சொல்லி, நிதானமாக விளக்கியிருந்தார்.

மில் சங்கத்திலிருந்து விலகிக்கொள்கிறேன், நடந்ததற்கு வருந்துகிறேன், இனி அரசாங்கத்துக்கு அனுசரணையாக இருப்பேன். வாசகம் அவ்வளவுதான். அடியில் அவள் புருஷன் ராஜாங்கம் ஒரு கையெழுத்துப் போட்டால் தீபாவளிக்கு வீட்டில் இருக்கலாம்.

"நாங்க சொன்னா மொறைக்கிறாரு. நீ கேட்டா கேப்பாரு. பொறுமையாப் பேசிட்டு வா" என்று சொல்லித்தான் அனுப்பினார்.

இப்போது அவர் முகத்தில் கோபம்கூட இல்லை. "பிடிவாதக்காரன். உன்னப் பத்தியாவது நெனைச்சுப் பாக்கக் கூடாதா?"

ஆதிலட்சுமி மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டு எழுந்தாள்.

வாசலில் சிவப்புத் தொப்பி போட்ட காவலர் பெரிய கதவிலிருந்த சின்னத் திட்டிவாசலைத் திறந்துவிட்டார். வெளியே கடைவீதி தன்பாட்டுக்கு இரைந்துகொண்டிருந்தது. எதிர்ச் சுவரில், பேச்சைக் குறைத்து உழைப்பைப் பெருக்கச் சொல்லும் அரசாங்கத் தட்டி. அதன் நிழலில் ஒரு ரிக்‌ஷாக்காரர் தூங்கிக்கொண்டிருந்தார்.

ஒரு ஜவுளிக்கடைப் படியில் அவள் கொஞ்ச நேரம் உட்கார்ந்தாள்.

உண்மையில், அவள் கேட்கவே இல்லை.

கம்பி வலைக்கு அந்தப் பக்கம் ராஜாங்கம் வந்து நின்றபோது சட்டை அவனுக்குத் தொளதொளவென்று இருந்தது. தாடி முழுக்க நரைத்திருந்தது.

"வயித்து வலி எப்படி இருக்கு?" என்றுதான் முதலில் கேட்டான்.

"மருந்து சாப்ட்டேன். வுட்டுப் போச்சு."

மகள் வசந்தா ஒழுங்காகப் பள்ளிக்கூடம் போகிறாளா என்று கேட்டான். போகிறாள் என்றாள். அப்புறம் அவன் வலையில் விரல்களைக் கோத்துக்கொண்டு, குரலைத் தாழ்த்திக் கேட்டான்.

"உன்னக் கூப்ட்டு ஏதாச்சும் சொன்னாங்களா?"

அவன் கண்ணில் அவள் பயத்தைப் பார்த்தாள். போலீஸ்காரர்கள் வீடு புகுந்து அடித்து இழுத்துக்கொண்டு போன அன்றுகூட அந்தக் கண்ணில் அது இருக்கவில்லை.

அவள் வாய்விட்டுக் கேட்ட எதையும் ராஜாங்கம் இதுவரை மறுத்ததில்லை. அது தெரிந்ததால்தான் அவள் பெரிதாக எதையும் கேட்டதில்லை. இதைக் கேட்டால் போட்டுவிடுவான். போட்டுவிட்டு வீட்டுக்கு வந்து, மில் சங்கு ஊதும்போதெல்லாம் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருப்பான்.

அடித்தும் அவனிடம் வாங்க முடியாததை அவள் வாயால் வாங்கித் தரச் சொல்கிறார்கள். அதுவும் நாற்காலி போட்டு, மரியாதையாக. 

"ஒண்ணுஞ் சொல்லல. சும்மா பாத்துட்டுப் போன்னாங்க."

ராஜாங்கத்தின் தோள்கள் மெல்லத் தாழ்ந்தன. வலையிலிருந்து விரல்களை எடுத்துக்கொண்டான்.

அதற்குப் பிறகு அவன் நிறையப் பேசினான். கூட இருக்கிற பாகூர்க்காரர் ஒருவர் குறட்டை விடுவதைச் செய்து காட்டினான். அவள் வாயில் முந்தானையை வைத்துக்கொண்டு சிரித்தாள். சிரித்ததில் கண்ணில் நீர் வந்துவிட்டது.

நேரமாகிவிட்டதென்று காவலர் குரல் கொடுத்தார்.

"வேற ஏதாச்சும் கேக்கணுமா லட்சுமி?"

அவள் கை தன்னையறியாமல் மடிக்குப் போயிற்று. போன கையால் புடவையைச் சரிசெய்துகொண்டாள்.

"ஒண்ணுமில்ல."

அவன் திரும்பித் திரும்பிப் பார்த்தபடி போனான். அவள் நேராக அதிகாரியின் அறைக்கு வந்து, அவனுக்காக அந்த 'முடியாது'வைச் சொன்னாள்.

ஜவுளிக்கடைப் படியிலிருந்து எழுந்தவள் வீட்டுக்குப் போகவில்லை. ஆஸ்பத்திரிக்கு நடந்தாள். பெண்கள் வார்டு வாசலில் பக்கத்து வீட்டு சலீமா ஆதிலட்சுமியின் மாற்றுப்புடவையும் தட்டும் தம்ளரும் வைத்த பையோடு காத்திருந்தாள். அவள் திரும்பி வரும்வரைக்கும் வசந்தா சலீமாவின் வீட்டில்தான் இருப்பாள்.

நர்ஸ் செல்வாம்பாள் நிமிர்ந்து பார்த்தாள்.

"வந்துட்டியா. காலையில மொத ஆபரேஷன் உன்னுது. கட்டி பெருசா இருக்கு, இனிமேலும் தள்ளக் கூடாதுன்னு டாக்டர் சத்தம் போட்டாரு. புருஷன் கையெழுத்து வாங்கிட்டியா?"

"இல்லம்மா."

"அதுக்குத்தானே போறேன்னு சொல்லிட்டுப் போன? அவரு இல்லியா?"

"இருந்தாரு. நான்தான் கேக்கல."

"ஏன்?"

ஆதிலட்சுமி மடியிலிருந்து ஆஸ்பத்திரிக் காகிதத்தை எடுத்தாள். வியர்வையில் நைந்துபோயிருந்தது. மேசைமேல் வைத்து இரண்டு கையாலும் நீவிவிட்டாள்.

"தெரிஞ்சா வெளிய வந்துடுவாரு," என்றாள்.

செல்வாம்பாளுக்கு அது விளங்கவில்லை. சலீமா முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

"வயிறு என்னுது. நானே போடறேன்."

"அது எப்படிம்மா? நாளைக்கு ஒண்ணு கெடக்க ஒண்ணு ஆச்சுன்னா யாரு பதில் சொல்றது?"

"நான்தான்," என்றாள் ஆதிலட்சுமி. பேனாவுக்காகக் கையை நீட்டினாள்.