ஆம்பூர் கொண்டாடிய ஐரிஷ் நாவல்

"மூணு மாசமா? ஒரு மாசம் இது இல்லன்னாலே இங்க தாங்காது சார்!"

ஜான் பாஷா புத்தகத்தை நெஞ்சோடு அணைத்துக்கொண்டார். ஆம்பூர் பஜாரில் தோல் வியாபாரிகள் கமிட்டி போட்டு நடத்தும் வாசகசாலைக்குப் பொறுப்பாளர், பெருக்குபவர், பூட்டுபவர் எல்லாம் அவர் ஒருவரே. அவர் கையில் இருந்தது நவீன ஐரிஷ் நாவல் ஒன்று. அறுநூற்றுச் சொச்சம் பக்கம். தோல் வாங்க வந்த வெள்ளைக்காரர் யாரோ எப்போதோ விட்டுவிட்டுப் போனது.

எதிரே நின்ற பேராசிரியர் பரந்தாமனுக்குப் புல்லரித்தது.

வேலூரில் கல்லூரி ஒன்றில் ஆங்கிலம் நடத்தும் அவர், பதினோரு வருடமாக நவீன ஐரிஷ் இலக்கியத்தை ஆராய்ந்துகொண்டிருந்தார். ஆராய்ச்சி சத்துவாச்சாரியில் இருந்த அவர் வீட்டு மாடியைத் தாண்டியதில்லை. போன வருடம் கல்யாணம் ஒன்றுக்காக ஆம்பூர் வந்தவர், சாப்பிட்ட பிரியாணி கொஞ்சம் கீழே இறங்கட்டும் என்று இந்த வாசகசாலைக்குள் நுழைந்தார். ஐரிஷ் நாவல் ஏதாவது உண்டா என்று வழக்கம்போல் கேட்டு வைத்தார். கைக்கு வந்த புத்தகத்தின் பின்னட்டையைத் திருப்பினால், தேதிச் சீட்டு மேல் சீட்டாக எட்டுச் சீட்டு ஒட்டியிருந்தது. ஐந்து வருடத்தில் முந்நூற்றுப் பன்னிரண்டு முத்திரை!

அன்றைக்கே உட்கார்ந்து இருபத்தெட்டுப் பக்கக் கட்டுரை எழுதினார். அயர்லாந்துக்காரனின் சோகமும் ஆம்பூர்த் தோல் தொழிலாளியின் சோகமும் ஒன்றுதான், ஆகவேதான் அந்த இலக்கியம் ஏழு கடல் தாண்டி வந்து இந்த ஊரின் இதயத்தைத் தொட்டிருக்கிறது என்று ஒரே போடாகப் போட்டார். தொழிலாளி யாரையும் அவர் கேட்கவில்லை. சோகத்தைக் கேட்டா தெரிந்துகொள்ள வேண்டும்?

கட்டுரையைப் படித்து அயர்லாந்துத் தலைநகர் டப்ளினில் மிரண்டு போனார்கள். ஐரிஷ் இலக்கியத்தின் உலகப் புகழைப் பற்றி அங்கே ஒரு மாநாடு. விமான டிக்கெட்டோடு அழைப்பு வந்தது. ஒரே நிபந்தனை, அந்தப் புத்தகத்தைச் சீட்டுகளோடு கொண்டு வர வேண்டும். மூன்று மாதம் கண்ணாடிப் பெட்டியில் வைத்துக் காட்டுவார்களாம். புத்தகம் இல்லையென்றால் டிக்கெட்டும் இல்லை. வியாழக்கிழமை விமானம். கல்லூரியில் ரோஜாமாலை போட்டு குரூப் போட்டோவே எடுத்தாகிவிட்டது.

"ஒரு மாசம்கூட விட்டுட்டு இருக்க மாட்டாங்களா பாஷா?" என்றார் பரந்தாமன்.

"இது இருக்கறதாலதான் சார் வாசகசாலையே ஓடுது. இது போச்சுன்னா இங்க தோல் மூட்டதான் அடுக்குவாங்க."

பரந்தாமன் அவசரமாகக் குறிப்பேட்டை எடுத்து எழுதிக்கொண்டார். "அப்படியே இங்கிலீஷ்ல மாத்தி மேடையில சொல்லப்போறேன். படிச்சவங்க ஒருத்தரையாவது காட்டுங்களேன், போட்டோ எடுத்துக்கறேன்."

"இப்ப எல்லாரும் கம்பெனியில இருப்பாங்க சார்."

"சாயங்காலம் வரட்டுமா?"

"சாயங்காலம் வூட்டுக்குப் போய்டுவாங்க சார்."

நல்ல வாசகனுக்கு எவ்வளவு அடக்கம் என்று பரந்தாமன் அதையும் எழுதிக்கொண்டார். "சரி, இதுக்குப் பதிலா என்கிட்ட இருக்கிற வேற ஐரிஷ் நாவல் ஒண்ணு தர்றேன்."

ஜான் பாஷா முகத்தில் முதல் முறையாக வெளிச்சம் வந்தது. "அதுவும் இதே மாதிரி இருக்குமா சார்?"

"சேச்சே, இதைவிட எளிமை. பரபரன்னு ஓடும்."

"அப்ப வேணாம் சார்."

பரந்தாமனுடைய எம்.ஏ. மாணவர்கள் நோட்ஸைத் தவிர வேறு எதையும் தொட்டதில்லை. இங்கே ஓர் ஊரே எளிமை வேண்டாம் என்கிறது! இந்தப் புத்தகம் இல்லாமல் டப்ளினில் இறங்குவதை அவரால் நினைத்தும் பார்க்க முடியவில்லை.

"உங்களோட பேசிப் புண்ணியமில்ல. கமிட்டித் தலைவர் லியாகத் அலி சாயபு கடை பக்கத்துலதானே? அவர்கிட்டயே கேட்டுக்கறேன். முந்நூத்திப் பன்னெண்டு தடவை போன புத்தகம்னா அவருக்கும் பெருமைதானே?"

அவர் செருப்பை மாட்டுவதற்குள் ஜான் பாஷா ஓடிவந்து வாசலை மறித்தார்.

"தலைவருகிட்ட மட்டும் வேணாம் சார். என் பொழப்பு போய்டும்."

"இன்னும் நாலு பேர் உங்களைப் பாராட்டத்தானே போறாங்க?"

"இன்னா சார் பாராட்டு! மாசம் நூறு புக்காவது வெளிய போகலன்னா இத பூட்டிட்டு கிடங்காக்கிடுவேன்னு சொல்லி வெச்சிருக்காரு. வர்றவங்கள்ல பாதிப் பேர் பேப்பர் பாத்துட்டுப் போய்டறாங்க. மாசாமாசம் அஞ்சாறு கம்மியாவுது. அதுக்கு நான்தான் சார் இதுல முத்திர குத்தறேன்."

பரந்தாமன் வாசற்படியிலேயே உட்கார்ந்துவிட்டார். "குத்தறதுக்கு... இந்தப் புத்தகம்தானா கெடச்சுது?"

"ஓடற புக்குல குத்துனா, அன்னிக்கு அது என் வூட்டுல இருந்துதேன்னு எவனாவது வந்து நிப்பான். அதான், ஜென்மத்துக்கும் யாரும் தொடமாட்டாங்கன்னு பாத்து ஒண்ணு பொறுக்குனேன்." ஜான் பாஷா அவர் பக்கத்தில் வந்து ஆதரவாக உட்கார்ந்தார். "அன்னிக்கு நீங்க வந்து ஐரிஷ் நாவல்னு கேட்டப்ப, ஐயோ, இதப் படிக்கறவரு ஒருத்தர் வந்துட்டாரேன்னு எனக்குப் பக்குன்னுச்சு சார். நீங்களும் பின்னட்டைய மட்டும் பாத்துட்டு வெச்சப்புறந்தான் உசிரே வந்துது!"