சட்டைப்பைக் குரல்

ஜன்னல்களுக்கு ஜமுக்காளம் கட்டி, பட்டப்பகலை இருட்டாக்கியிருந்தார்கள்.

ஞாயிறு பூசை முடிந்த கையோடு கோயில் ஹால் நிரம்பிவிட்டது. நிரம்பாதா? அவர்கள் ஊரிலேயே எடுத்த படம். கூலி கேட்டு அடிபட்டவர்களின் கதை. திண்டிவனம் தியேட்டரில் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது.

"டெலிகிராம்ல வந்துச்சு" என்று எல்லோரிடமும் சொல்லியிருந்தான் ஸ்டீபன்ராஜ். லேப்டாப்பைத் தட்டினான்.

திரையில் யாரோ ஒருவரின் தலை குறுக்கே போனது.

சால்வை போர்த்தி முன்வரிசையில் உட்கார வைத்திருந்த, அந்தப் படத்தின் உதவி இயக்குநர் கிளாராவுக்கு முகம் சுண்டிப்போனது.

"என்ன தம்பி, தியேட்டர்ல திருடுனதா? கேஸாகும், தெரியுமில்ல?"

"நம்ம ஜனங்க கதைங்க மேடம். நம்ம ஜனங்க பாக்க வேணாமா?"

நெஞ்சை நிமிர்த்திக்கொண்டுதான் சொன்னான்.

கிளாரா எழப்போனாள். அதற்குள் ஹாலில் விசில் பறந்தது. கடலைக் காட்டில் மல்லாட்டை பிடுங்கப் போகும் சூசை மேரி திரையில் வந்துவிட்டாள்!

"ஏ சூசை, ஈரோயினு!"

சூசை மேரி வெட்கத்தில் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

திரையிலோ அவள் ஒரு பெரிய வீட்டு வாசலுக்கு வெளியே நின்று, தண்ணீருக்குக் கையேந்தினாள். ஹால் அடங்கியது.

அப்போதுதான் ஸ்பீக்கரில் அந்தப் பேச்சு. படத்தில் இல்லாத பேச்சு.

"மச்சான், அந்தம்மா உங்க ஊருதான?"

"யாருன்னே தெரியாதுடா. கம்முனு பாரு."

இரண்டாவது குரல் வெகு அருகில் கேட்டது. படம் பிடித்த செல்போன், பேசியவனின் சட்டைப்பையிலேயே இருந்திருக்கிறது.

ஸ்டீபன்ராஜ் அவசரமாகப் படத்தை நிறுத்தினான்.

விழுப்புரம் காலேஜ் சிநேகிதர்களோடு தியேட்டருக்குப் போன அன்று அவனே பிடித்தது. வீட்டில் ஓட்டிப் பார்த்தபோது இந்த இடத்தை மட்டும் தள்ளிவிட்டிருந்தான். பார்க்க மனசு வரவில்லை.

ஹாலில் ஒருவரும் அவன் பக்கம் திரும்பவில்லை. திரும்பியிருந்தால் தேவலை.

கிளாரா எழுந்தாள். "இதப் புடிச்சது யாரு? யார் குரல் இது?"



சூசை மேரிதான் எழுந்தாள். முந்தானையை உதறி இடுப்பில் செருகினாள்.

"யாருன்னே தெரியலம்மா."

பிறகு லேப்டாப் பக்கம் திரும்பினாள்.

"ஓட்டு ஸ்டீபா. ஏன் நிறுத்திக்கினு நிக்கிற? பெத்தவ நடிச்சிருக்கேன். நீயும் ஒரு தபா முழுசா பாரு."